அஸ்திராவின் மூக்கு

ஷாரோன் கல்யாணமாகி ஸ்ரீபெரும்புதூர் வீட்டுக்கு வந்த புதிதில், அவளுடைய மாமியார் மரகதவல்லி அவளோடு நேராகப் பேசியதே இல்லை. சொல்ல வேண்டியதையெல்லாம் மகனிடம் சொல்வார்.

"யதி, மழை வராப்பல இருக்கு. குடை எடுத்துக்கச் சொல்லு."

"யதி, ரசம் இன்னும் இருக்கு. போட்டுக்கச் சொல்லு."

ஷாரோன் எதிரிலேயே உட்கார்ந்திருப்பாள். யதிராஜ் அவள் பக்கம் திரும்பி, "குடை எடுத்துக்கணுமாம்" என்பான். "எடுத்துக்கறேன்னு சொல்லு" என்பாள் அவளும். நாளடைவில் அவன் இதை ஒரு விளையாட்டாகவே ஆக்கிவிட்டான். அவன் வீட்டில் இல்லாத வேளைகளில் மரகதவல்லி சுவரில் தொங்கிய காலண்டரைப் பார்த்துப் பேசினார்.

அதைக் கோபம் என்று சொல்ல முடியாது. ராமானுஜர் கோயிலில் பரம்பரையாகப் பிரபந்தம் சேவிக்கிற வீட்டுக்கு மணிமங்கலத்துக் கிறிஸ்தவக் குடும்பத்துப் பெண் மருமகளாக வந்தால், யாருக்கும் உடனே வாய் வந்துவிடாது. யதிராஜும் ஷாரோனும் ஒரே செல்போன் தொழிற்சாலையில், ஒரே ஷிப்டில் வேலை பார்த்துப் பழகியவர்கள். பதிவுத் திருமணம் முடிந்து குன்றத்தூரில் வீடு தேடிக்கொண்டிருந்தபோது மாமனார் தோத்தாத்ரிதான், "இங்கே ரெண்டு ரூம் பூட்டிக் கிடக்கு. இவா எதுக்கு அங்கே போய் அல்லாடணும்?" என்று பேச்சை முடித்தார். மரகதவல்லி மறுக்கவில்லை. பூட்டிக் கிடந்த அறையைத் தானே பெருக்கித் துடைத்து, புதுப் போர்வை வாங்கி விரித்தும் வைத்தார். ஆனால் சமையலறை வாசற்படியோடு ஷாரோனின் எல்லை முடிந்தது. யாரும் அவளை வராதே என்று சொன்னதில்லை. அவளாகவே அங்கே நின்றுவிடுவாள்.

கல்யாணத்துக்குப் பிறகு ஷாரோன் வேலை மாறினாள். வல்லம் வடகாலில் விமான பாகங்கள் செய்யும் ஒரு கம்பெனியில் அவளுக்குத் தரப் பரிசோதனைப் பிரிவு கிடைத்தது. இயந்திரத்தில் கடைந்து வரும் பாகங்களை, குளிரூட்டிய அறையில் வெள்ளைக் கையுறை போட்டுக்கொண்டு, அளவு சரிதானா என்று பார்க்கும் வேலை. தலைமுடியைவிட மெல்லிய பிசகு இருந்தாலும் ஒதுக்கி வைக்க வேண்டும். அந்தப் பாகம் எந்த விமானத்தில் எந்த இடத்தில் உட்காரப் போகிறது என்பது அவளுக்கே தெரியாது. வரைபடத்தில் ஒரு எண் இருக்கும், அவ்வளவுதான். உள்ளே பார்த்ததை வெளியே பேசக்கூடாது என்று சேர்ந்த அன்றே சொல்லிவிட்டார்கள்.

அந்த வீட்டில் ஏவுகணைப் பேச்சு எப்படி ஆரம்பித்தது என்றால், அதற்குக் காரணம் தோத்தாத்ரியின் டிவி. எல்லையில் சண்டை நடந்த அந்த மே மாதத்தில் அவர் காலையிலிருந்து செய்தி சேனலை அணைக்கவே இல்லை. எந்த விமானம் பெரியது, யாருடையது வேகமானது என்று ஆளாளுக்குக் கத்தினார்கள். ஒருவன் நூறு என்பான், அடுத்தவன் அதையே இருநூறு என்பான். மரகதவல்லி அரசுப் பெண்கள் பள்ளியில் கணக்கு டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவர். தப்பான எண் காதில் விழுந்தால் அவருக்குக் காலில் முள் குத்தின மாதிரி. பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டு, கண்ணாடியை மாட்டிக்கொண்டு போனை எடுத்துத் தானே தேட ஆரம்பித்தார். சண்டை நின்றது. அவருடைய தேடல் நிற்கவில்லை. பூஜை முடிந்து, சமையல் முடிந்து, அவர் கூடத்தில் உட்கார்ந்து ஏவுகணை படிப்பது அந்த வீட்டில் சாதாரணமாகிவிட்டது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை யதிராஜ் வெளியே போயிருந்தான். மரகதவல்லி சமையலறையில் காய் நறுக்கிக்கொண்டே கணவருக்கு விளக்கிக்கொண்டிருந்தார். தோத்தாத்ரி நாற்காலியில் சாய்ந்தபடியே தூங்கிப் போயிருந்தார். ஷாரோன் வாசற்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள்.

"விமானத்தை விமானத்தோட ஒப்பிட்டா போறுமா? அது கையிலே என்ன வெச்சிண்டு போறதுன்னு பார்க்க வேண்டாமா? இதோ, இந்தச் சுரைக்காய் சுகோய். பெரிசு, நிறையத் தூக்கும். ஆனா தூரத்திலேர்ந்தே எதிரி ரேடார்லே பளிச்சுனு தெரியும். இந்தக் கத்திரிக்காய் தேஜஸ். சின்னது, சட்டுனு தெரியாது. ஆனா கொஞ்சந்தான் தூக்கும்."

தட்டில் சுரைக்காய்க்கும் கத்திரிக்காய்க்கும் பக்கத்தில் முருங்கைக்காயை நீளமாகவும் குட்டையாகவும் வெட்டி அடுக்கியிருந்தார்.

"குட்டையா இருக்கறது கிட்டத்துச் சண்டைக்கு. என்ஜின் சூட்டை மோப்பம் பிடிச்சிண்டு போறது. நீளமா இருக்கறது எட்டத்துச் சண்டைக்கு. எட்டம்னா எவ்வளவு எட்டம்? அங்கேதான் எல்லாரும் புளுகறா. நூறு கிலோமீட்டர்ங்கறா. யாருக்கு நூறு? நேர எதிர்லே வரவனுக்கு நூறு. அவன் திரும்பிண்டு ஓட ஆரம்பிச்சா அதே ஏவுகணைக்கு மூணுலே ஒரு பங்குகூட எட்டாது."

"ரயில் கணக்கு மாதிரி" என்றாள் ஷாரோன்.

சொன்ன பிறகுதான் தன் வாய்தான் பேசியது என்று அவளுக்கு உறைத்தது. மரகதவல்லியின் கை கத்தியோடு நின்றது. அவர் காலண்டரைத் தேடவில்லை. அது கூடத்தில் இருந்தது.

"என்ன சொன்னே?"

"எதிரெதிரா வர்ற ரயில், ஒரே பக்கமாப் போற ரயில். எட்டாங்கிளாஸ்ல வரும் இல்ல அத்தை. எதிர்ல வந்தா வேகத்தைக் கூட்டணும், துரத்திக்கினு போனா கழிக்கணும்."

மரகதவல்லி அவளையே பார்த்தார். முப்பது பேர் வகுப்பில் கடைசி பெஞ்சிலிருந்து ஒரு கை உயர்ந்தால் ஒரு டீச்சர் எப்படிப் பார்ப்பாரோ அப்படி ஒரு பார்வை.

"உள்ளே வந்து உக்காரு. அங்கே நின்னா தட்டு தெரியாது."

ஷாரோன் வாசற்படியைத் தாண்டினாள். இன்னொரு கத்தியை எடுத்து அவள் பக்கம் தள்ளிவிட்டு மரகதவல்லி தொடர்ந்தார், ஒன்றுமே நடக்காத மாதிரி. ஷாரோன் அவரைக்காய்க்கு நார் எடுத்தபடியே கேட்டாள்.

"அப்ப எது பெருசு அத்தை? பிளேனா, மிஸைலா?"

"அதைத்தான் நானும் யோசிச்சிண்டே இருக்கேன். ஏவுகணைக்குப் பாதி வழி வரைக்கும் கண்ணு கிடையாது, தெரியுமோ? விமானத்து ரேடார்தான் இங்கே திரும்பு, அங்கே திரும்புன்னு சொல்லிண்டே வரும். பள்ளிக்கூடம் போற குழந்தைக்குத் தெருமுனை வரைக்கும் அம்மா வாசல்லே நின்னு குரல் கொடுக்கற மாதிரி. கிட்டத்துலே போனப்புறம்தான் அது தன் கண்ணைத் திறக்கும். சீக்கிரம் கண் திறக்கற ஏவுகணையா இருந்தா விமானம் சீக்கிரம் திரும்பித் தப்பிச்சுக்கலாம். இல்லேன்னா அது அங்கேயே நிக்கணும், ஆபத்துலே."

"அப்ப மிஸைல் நல்லா இருந்தாத்தான் பிளேனு உசிரோட திரும்பும்."

"விமானம் நன்னா இருந்தாத்தான் ஏவுகணை வழி தப்பாது."

இரண்டு பேரும் தட்டைப் பார்த்தார்கள். தோத்தாத்ரியின் குறட்டை கேட்டது.

"நம்ம ஊர் ஏவுகணைக்கு அஸ்திரான்னு பேர் வெச்சிருக்கா. பேர் என்னவோ நன்னாத்தான் இருக்கு" என்றார் மரகதவல்லி. "ஆனா பெருமாள் கையிலே இருக்கற சக்கரம் போட்டா வேலையை முடிச்சிண்டு திரும்பிக் கைக்கு வந்துடும். இதுக்கு அந்தச் சமர்த்து போறாது."

ஷாரோன் சிரித்தாள். மரகதவல்லியும் சிரிக்க ஆரம்பித்து, பாதியில் நினைவு வந்தவராக அடுப்பைப் பார்க்கத் திரும்பிக்கொண்டார். அன்று வீட்டுக்கு வந்த யதிராஜ், "யதி, சாம்பாருக்கு உப்புப் போட்டாச்சான்னு கேளு" என்ற குரல் வராததால் அம்மாவுக்கு உடம்பு சரியில்லையோ என்று பயந்து போனான்.

அதற்குப் பிறகு ஷிப்ட் முடிந்து கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்கி வரும் ஷாரோனுக்கு, காபியோடு ஒரு ஏவுகணையும் காத்திருந்தது. ரஃபேல் விமானம் சுமக்கும் மீட்டியார் ஏவுகணை மற்றவற்றைப் போல முதலிலேயே எரிபொருளை எரித்துத் தீர்த்துவிட்டு வெறும் வேகத்தில் மிதந்து போவதில்லை, காற்றை உறிஞ்சி எரித்துக்கொண்டே போவதால் கடைசியிலும் அதற்குத் தெம்பு இருக்கும் என்று ஒரு நாள். எதிரி விமானம் சுமக்கும் நீள ஏவுகணைக்குச் சொல்லும் தூரத்தை எவ்வளவு நம்பலாம் என்று இன்னொரு நாள். ஷாரோன் விமானத்தின் கட்சி, மரகதவல்லி ஏவுகணையின் கட்சி. மறுநாள் இருவரும் கட்சி மாறிக்கொள்வார்கள். தோத்தாத்ரி, "இந்த ஆத்துலே சண்டையே வராதுன்னு நெனச்சேன், இப்போ தினம் வான்வழிச் சண்டை" என்று யாரிடமோ பெருமையாகச் சொன்னார்.

ஒரே ஒரு விஷயம்தான் மரகதவல்லியைக் குடைந்தது.

"நீ அங்கே என்னதான் பண்றே?"

"அளவு பாக்கறேன் அத்தை."

"எதோட அளவு?"

"அதைச் சொல்லக்கூடாது. எனக்கே முழுசாத் தெரியாது."

"தெரியாமலா அளக்கறே? சரி, சொல்லாதே. உருண்டையா இருக்குமா, நீளமா இருக்குமா?"

ஷாரோன் வாயைப் பொத்திக்கொண்டு தலையை ஆட்டுவாள். அந்த ஆட்டல் ஆமாவா இல்லையா என்று மரகதவல்லி அதையும் ஆராய்வார். கேட்காமல் இருக்க வேண்டும் என்று அவருக்கும் தெரியும். ஆனால் விடை பக்கத்து அறையில் தூங்கும்போது கணக்கு டீச்சரால் எப்படிச் சும்மா இருக்க முடியும்? கவனிக்க ஆரம்பித்தார். செய்தியில் அஸ்திராவின் சோதனை பற்றி வந்த நாளில் ஷாரோன் வேலையிலிருந்து நேரம் கழித்து வந்தாள். கேரட் சீவும்போது அதன் கூர்முனையையே விரலால் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். இவை இரண்டையும் கூட்டினார். ஒரு விடை வந்தது.

மரகதவல்லியோடு வேலை பார்த்து ஓய்வு பெற்ற டீச்சர்களுக்கு ஒரு வாட்ஸ்அப் குழு உண்டு. காலை வணக்கமும் மூட்டு வலித் தைலமுமாக இருந்த அந்தக் குழுவில் மரகதவல்லி ஒரு நாள் நீளமாக எழுதினார். போர் விமானங்களையும் அவை சுமக்கும் ஏவுகணைகளையும் ஒப்பிட்டு, ரயில் கணக்கிலிருந்து தொடங்கி, வரிசையாக, தெளிவாக. எழுதி முடித்தபோது கை அடங்கவில்லை. கடைசியில் ஒரு வரி சேர்த்தார்: "என் நாட்டுப்பெண் ஷாரோன் வல்லத்தில் அஸ்திரா ஏவுகணையின் மூக்கைச் செய்கிறாள் என்பதைப் பெருமையோடு தெரிவித்துக்கொள்கிறேன்."

டீச்சர்கள் கைதட்டும் பொம்மைகள் அனுப்பினார்கள். அதோடு நிற்கவில்லை. ஒருவர் தம் மகனுக்கு அனுப்பினார், மகன் அடுக்ககக் குழுவில் போட்டார், அங்கிருந்து அது எங்கெங்கோ சுற்றி, ஷாரோனின் கம்பெனிக்காரர் ஒருவர் போனில் போய் உட்கார்ந்தது.

கம்பெனியின் பாதுகாப்பு அதிகாரி நெல்லையப்பன். தென்காசிப் பக்கத்துக்காரர், ராணுவத்திலிருந்து வந்தவர். ஷாரோனைக் கூப்பிட்டு எதிரில் உட்கார வைத்து போனை நீட்டினார்.

"இதை வாசிங்கம்மா. நீங்க யார்ட்டயாச்சும் ஏதாச்சும் சொன்னீயளா?"

ஷாரோன் படித்தாள். சுகோய், தேஜஸ், ரயில் கணக்கு, எல்லாம் சமையலறைத் தட்டில் கேட்டவை. கடைசி வரியும் வந்தது. வேலை போய்விடும் என்று தெரிந்தது. அப்படியும் "என் நாட்டுப்பெண்" என்ற இடத்தைக் கண் மறுபடி போய்த் தொட்டு வந்தது. இத்தனை மாதத்தில் மாமியார் வெளியார் யாரிடமும் அவளை மருமகள் என்று சொன்னதாக அவள் கேட்டதில்லை. பயமும் சந்தோஷமும் ஒன்றாக வந்தால் முகத்தை எப்படி வைத்துக்கொள்வது என்று தெரியாமல் தலையைக் குனிந்துகொண்டாள்.

"நான் ஒண்ணுமே சொல்லல சார். அத்தைக்கு இதுலல்லாம் ரொம்ப ஆசை. அவங்களா நெனச்சிக்கினு எழுதியிருக்காங்க."

"நீங்க சொல்லுதத நான் நம்புதேன். ஆனா நான் நம்புனா பத்தாதே. விசாரிக்கணும். அடையாள அட்டைய இங்கன வச்சிட்டு வீட்டுக்குப் போங்க. கூப்புடுதோம்."

வீட்டில் ஷாரோன், லைனில் பராமரிப்பு வேலை, லீவு விட்டிருக்கிறார்கள் என்று சொன்னாள். மரகதவல்லி சந்தோஷப்பட்டு அதிரசத்துக்கு மாவு ஊறவைத்தார். யதிராஜிடம் மட்டும் உண்மையைச் சொன்னாள். அம்மாவிடம் சொல்லாதே என்று கையில் அடித்துச் சத்தியம் வாங்கிக்கொண்டாள். "பாவம், பெருமையாத்தான எழுதினாங்க. திட்டாத."

யதிராஜுக்கு ரகசியம் வயிற்றில் நிற்காது. மூன்றாம் நாள் சாப்பிடும்போது மரகதவல்லி, "என்ன கம்பெனியோ, இத்தனை நாள் லீவு விடறா" என்றதும் அவனுக்குப் பொத்துக்கொண்டு வந்துவிட்டது. "லீவும் இல்லை, ஒண்ணும் இல்லை. நீ குரூப்லே எழுதின மூக்காலே வந்தது."

மரகதவல்லி கையிலிருந்த கரண்டியைக் கீழே வைத்தார். ஷாரோன் பக்கத்தில் போய், "அத்தை, ஒண்ணும் ஆகாது. விசாரிச்சிட்டு விட்டுடுவாங்க" என்றாள். அவர் தலையை மட்டும் ஆட்டினார். அன்று மாலை கூடத்தில் போன் தொடப்படாமல் கிடந்தது.

அடுத்த நாள் காலை கோயிலுக்குப் போன மரகதவல்லி திரும்பி வரவில்லை. பிரபந்த கோஷ்டி முடிந்து தோத்தாத்ரி தனியாக வந்து, "அவ எப்பவோ கிளம்பிட்டாளே" என்றார். தெருவில் விசாரித்தார்கள். காந்தி ரோடு வரை யதிராஜ் போய்ப் பார்த்துவிட்டு வந்தான். அப்போது ஷாரோனின் போன் அடித்தது. நெல்லையப்பன்.

"ஒங்க மாமியார் கம்பெனி கேட்டுல வந்து உக்காந்திருக்காவ. போங்கன்னு சொன்னா போவ மாட்டேங்காவ. தண்ணி குடுத்தாலும் குடிக்க மாட்டேங்காவ. நீங்க வந்து கூட்டிட்டுப் போங்கம்மா."

யதிராஜின் பைக்கில் இருவரும் பறந்தார்கள். காவலர் அறையின் மின்விசிறிக்குக் கீழே, ஒன்பது கஜப் புடவையில், மரகதவல்லி ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். ஷேர் ஆட்டோவிலும் பிறகு டவுன் பஸ்ஸிலுமாகக் கேட்டுக் கேட்டு வந்திருக்கிறார். அவருடைய குடை மேசையில் படுத்திருந்தது. அதற்குக் கீழே காவலரின் இரண்டு பேனாக்கள். காவலர்கள் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள். வெளியே ஒரு லாரி, உள்ளே விடச் சொல்லி ஹாரன் அடித்துக்கொண்டிருந்தது.

"ஆக, குடை திரும்பிடுத்துன்னா பேனாவுக்கு வழி சொல்ல ஆளில்லை. புரியறதோ?" என்று கேட்டுக்கொண்டிருந்தவர், மருமகளைப் பார்த்ததும் எழுந்தார். முகம் சுருங்கிப் போயிற்று.

நெல்லையப்பன் தரப் பிரிவுத் தலைவர் எழிலரசனையும் அழைத்துக்கொண்டு வந்தார். மரகதவல்லி கைகூப்பினார்.

"தப்பு என்னுது. இந்தப் பொண்ணு வாயே திறக்கலை. நான் கேட்டுக் கேட்டு அலுத்துப்போய், நானாக் கண்டுபிடிச்சு எழுதினேன். என்ன தண்டனையோ எனக்குக் கொடுங்கோ. அவளை வேலைக்குச் சேர்த்துக்கோங்கோ."

"நீங்களாக் கண்டுபிடிச்சீங்களாம்மா? எப்படி?" என்றார் எழிலரசன்.

"கேரட்டை வெச்சு."

எழிலரசனுக்குப் புரியவில்லை. மரகதவல்லி முதலிலிருந்து ஆரம்பித்தார். சோதனைச் செய்தி வந்த நாள், ஷாரோன் நேரம் கழித்து வந்தது, கேரட்டின் கூர்முனை, ஆகவே கூம்பு, ஆகவே மூக்கு. கரும்பலகையில் எழுதுவது போல ஒவ்வொரு படியாகச் சொன்னார். கேட்டுக்கொண்டே வந்த எழிலரசன் பாதியில் கைக்குட்டையை எடுத்து வாயில் வைத்துக்கொண்டார். இருமல் மாதிரி ஒரு சத்தம் வந்தது.

"கேரட்டுல கறுப்பா ஒரு புள்ளி இருந்துது அத்தை. அதான் பாத்தேன்" என்றாள் ஷாரோன் மெதுவாக.

"அம்மா, நீங்க கணக்கு டீச்சரா?" என்றார் எழிலரசன்.

"ஆமா."

"அப்பவே நெனச்சேன். எல்லா ஸ்டெப்பும் போட்டிருக்கீங்க. விடைதான் தப்பு."

"எவ்வளவு தப்பு?"

"அதைச் சொன்னா என்னையும் இந்த கேட்டுக்கு வெளிய உக்கார வெச்சிடுவாங்க." அவர் நெல்லையப்பன் பக்கம் திரும்பினார். "சார், நான் எழுதிக் குடுத்துடறேன். இந்தப் பொண்ணு ஒரு வார்த்தை சொல்லியிருந்தாக்கூட அவங்க இவ்ளோ தூரம் தப்பாப் போயிருக்க முடியாது."

மரகதவல்லி ஒரு கணம் நின்றார். நிம்மதி வந்த முகத்தில் கூடவே ஒரு வருத்தமும் வந்தது. "எந்த ஸ்டெப்லே தப்புன்னாவது சொல்லப்படாதா?" என்று கேட்டுப் பார்த்தார். எழிலரசன் முடியாது என்று தலையை ஆட்டினார்.

"அப்போ என் பேப்பருக்கு முட்டைதான்" என்றார் மரகதவல்லி. அந்த வாயிலிருந்து முட்டை என்ற சொல் வந்து ஷாரோன் கேட்டது அன்றுதான்.

நெல்லையப்பன் மட்டும் சிரிக்கவில்லை. அவர் நாற்காலியை இழுத்துப் போட்டு எதிரில் உட்கார்ந்தார். "அம்மா, நீங்க பெருமைக்குத்தான் போட்டீய. எனக்குத் தெரியுது. ஆனா அந்த ஒத்த வரி எவன் கைக்குப் போவும், அவன் இந்தப் பிள்ளைய எங்க வச்சுப் பாப்பான்னு நமக்குத் தெரியாதுல்லா. தப்பான சேதியும் ஆபத்துதான். இந்தப் பிள்ளைக்கு ஆபத்து." மரகதவல்லி தலைகுனிந்து கேட்டார். பிறருக்குப் பாடம் சொன்ன காலமெல்லாம் போய், இப்போது அவர் பாடம் கேட்டார். "இனிமே எழுத மாட்டேன். கேக்கவும் மாட்டேன்" என்றார். குழுவில் மறுப்பு எழுதிவிட வேண்டும் என்று நெல்லையப்பன் சொன்னார். மேலிடத்தில் பேசி முடித்துவிட்டு, திங்கட்கிழமையிலிருந்து ஷிப்டுக்கு வரலாம் என்று அன்றே போனில் தகவலும் தந்தார்.

திரும்பும்போது யதிராஜை பைக்கில் அனுப்பிவிட்டு, மாமியாரும் மருமகளும் ஒரகடம் கூட்டுரோடு வரை வந்து பஸ்ஸுக்கு நின்றார்கள். கன்டெய்னர் லாரிகள் தூசியைக் கிளப்பிக்கொண்டு போயின. ஷாரோன் இளநீர் வாங்கித் தந்தாள். மரகதவல்லி உதட்டில் படாமல் அண்ணாந்து குடித்தார். காலையிலிருந்து பட்டினி என்பது அவர் குடித்த வேகத்தில் தெரிந்தது. பிறகு கண்ணாடியை மாட்டிக்கொண்டு, அங்கேயே நின்று மறுப்பை எழுதினார். "என் நாட்டுப்பெண்ணின் வேலையைப் பற்றி நான் எழுதியது முழுக்க என் கற்பனை. தவறு. தயவுசெய்து யாருக்கும் அனுப்ப வேண்டாம். ஏவுகணைகளைப் பற்றி எழுதிய மற்றவை சரி."

"கடைசி வரி வேணுமா அத்தை?"

"அது சரிதானேடி."

உடனே குழுவிலிருந்து கனகலட்சுமி டீச்சர் கேட்டார்: "அப்படியானால் அவள் என்னதான் செய்கிறாள்?" மரகதவல்லி யோசித்துவிட்டு, "நன்றாகச் செய்கிறாள்" என்று பதில் போட்டு போனைப் பைக்குள் வைத்தார்.

பஸ் வரத் தாமதமானது. அவர் படப்பைப் பக்கம் போகும் சாலையைப் பார்த்துக்கொண்டே கேட்டார்.

"மணிமங்கலம் இப்படித்தானே போகணும்?"

"ஆமா அத்தை."

"தாம்பரத்திலேர்ந்து கிளம்பற விமானமெல்லாம் உங்காத்து மேலேதான் போறதுன்னு யதி சொன்னான்."

ஷாரோன் அவரைத் திரும்பிப் பார்த்தாள். அவர் சாலையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"போலாமா அத்தை? எனக்கு அடுத்த வாரம் நடுவுல ஒருநாள் லீவு வருது."

"உங்கம்மாவுக்குச் சிரமமில்லேன்னா."

அம்மா மெர்சிக்குப் போனில் சொன்னபோது அவள் பதறிப்போனாள். "இன்னாடி சொல்ற? நம்ம வூட்டுக்கா? அவங்க நம்ம கையால தண்ணி குடிப்பாங்களா? நான் இன்னா செய்யறது, இன்னா குடுக்கறது?" என்றாள். "வாழைப்பழம் வெய்யி. இளநீ இருந்தாப் போதும். மொட்டை மாடியைப் பெருக்கி வெச்சிடு" என்றாள் ஷாரோன்.

சொன்ன நாளில் போனார்கள். அப்பா ரத்தினம் ஷிப்டுக்குக் கிளம்புவதற்கு முன் தோட்டத்துத் தென்னையிலிருந்து ஒரு குலையை இறக்கி வைத்துவிட்டு, "வாங்கம்மா" என்று வெட்கத்தோடு கும்பிட்டுவிட்டுப் போனார். மாடியில் இரண்டு நாற்காலிகள் போட்டிருந்தார்கள். மெர்சி உட்காராமல் கைகளைப் பிசைந்துகொண்டு நின்றாள். ஏரிப் பக்கத்திலிருந்து காற்று வீசிக்கொண்டிருந்தது.

அப்போது கிழக்கிலிருந்து ஒரு சின்ன விமானம் உறுமிக்கொண்டு வந்தது. மரகதவல்லி விருட்டென்று எழுந்து, கையைக் கண்ணுக்கு மேல் குடையாக வைத்துக்கொண்டு பார்த்தார்.

"இது தெனம் வரும்" என்றாள் மெர்சி. "துணி காயப்போடும்போது பாத்துக்கினு இருப்பேன். போவும், சுத்தும், திரும்ப வரும். எங்கியும் போவாது. ஏன் இப்பிடிச் சுத்துதுன்னு எனக்கு ஒரே ரோசனையா இருக்கும்."

"அது பயிற்சி விமானம். ஓட்டக் கத்துக்கறவாளுக்குச் சொல்லித்தர வாத்தியார் இருப்பா இல்லையா, அந்த வாத்தியார்களுக்கே இங்கேதான் சொல்லித்தரா."

"டீச்சருக்கே டீச்சரா?"

"ஆமா" என்றார் மரகதவல்லி. அந்தக் கேள்வி அவருக்கு ரொம்பப் பிடித்துவிட்டது. "டீச்சருக்கே டீச்சர்."

"குண்டு கிண்டு ஏதாச்சும் வெச்சிருக்குமா அதுல?"

"ஒண்ணும் கிடையாது. வெறுங்கையோடதான் போறது."

மெர்சி அண்ணாந்து பார்த்தாள். "அதான் பாக்கச் சொல்ல அவ்ளோ நல்லா கீது."

மரகதவல்லி ஏதோ சொல்ல வாயெடுத்தார். விமானம் பெரிதா, ஏவுகணை பெரிதா என்று எவ்வளவோ படித்தவர். ஷாரோன் அவர் ஆரம்பிக்கப் போகிறார் என்று காத்திருந்தாள். ஆனால் அவர் அந்தச் சின்ன விமானம் வளைந்து திரும்புவதையே பார்த்துக்கொண்டு நின்றார்.

மெர்சி இளநீர் சீவித் தந்தாள். அண்ணாந்து குடிக்கும்போது மரகதவல்லியின் பார்வை வானத்திலேயே இருந்ததால், பாதி நீர் கன்னத்தில் வழிந்து கழுத்து வரை ஓடிவிட்டது. மெர்சி யோசிக்காமல் தன் முந்தானையால் அவர் கழுத்தைத் துடைத்தாள். துடைத்த பிறகுதான் திடுக்கிட்டுக் கையை இழுத்துக்கொண்டாள்.

மரகதவல்லி முகத்தைக் கொஞ்சம் அவள் பக்கம் திருப்பிக் காட்டினார். "இந்தப் பக்கமும் ஈரமா இருக்கு பாருங்கோ" என்றார்.

மெர்சி அந்தப் பக்கமும் துடைத்தாள்.

"அடுத்தது எப்போ வரும்?" என்று கேட்டார் மரகதவல்லி.

"வரும். ஒக்காருங்க" என்று சொல்லிவிட்டு, மெர்சி தானும் பக்கத்து நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.